எதிர்ச்சரிவு

செஸ்ட்நட் கொட்டையின் முள்ளுறையைப் பூட்ஸ் குதிகாலால் நசுக்கினாள் மார்லா. பிளந்தது. உள்ளே மூன்று கொட்டைகள், காகிதம் மாதிரித் தட்டையாக.

சப்பை.

அடுத்ததையும் நசுக்கினாள். அதுவும் சப்பை.

“நீ படிச்ச டிகிரி மாதிரியே இருக்கு பாரு,” என்றான் அண்ணன் கோல்பி, கன்னத்தில் அடக்கிய புகையிலையோடு. “வெளிய பூரா முள்ளு. உள்ள ஒண்ணுமில்ல.”

“வாய மூடிட்டு அந்தச் சாக்க இங்க தள்ளுடா.”

பள்ளத்தாக்குக்கு அப்பால், எதிர்ச்சரிவில், வெட்டிய மரங்களைச் சங்கிலி கட்டி இழுக்கிற சத்தம். ஆகஸ்டிலிருந்து கேட்கிறது. அம்மாவின் வைத்தியத்துக்காகக் குடும்பத்தின் இரண்டு சரிவுகளில் ஒன்றை மரக்கம்பெனிக்கு விட்டாக வேண்டியிருந்தது. இந்தப் பக்கம் தப்பியது மார்லா போட்ட கூச்சலில். அவளுக்குத் தெரிந்த ஒரே பேச்சுவார்த்தை அதுதான்.

கூச்சல், தலைக்கு மேல் நிற்கிற இந்த ஒற்றை மரத்துக்காக.

ஒரு காலத்தில் இந்தக் கென்டக்கி மலை முழுக்க செஸ்ட்நட் மரங்கள். நோய் வந்தது. பட்டை வெடித்து, நின்ற இடத்திலேயே செத்தன. இன்னமும் வேரிலிருந்து துளிர்க்கும், ஆளுயரம் வரும், மறுபடி நோய் தின்னும். இது ஒன்று மட்டும் எப்படியோ தப்பி, வளர்ந்து, பூக்கிற வயதுக்கு வந்துவிட்டது. இந்த வருஷம் இதன் பட்டையிலும் ஆரஞ்சுப் புள்ளிகள்.

சாவதற்குள் ஒரு விதை. அவள் கேட்டது அவ்வளவுதான்.

ஆனால் செஸ்ட்நட் தன் மகரந்தத்தைத் தானே ஏற்காது. இன்னொரு மரத்தின் மகரந்தம் வேண்டும், இல்லாவிட்டால் கொட்டை சப்பைதான். தனிமரம் தோப்பாகாது என்பது இதற்குப் பழமொழி இல்லை, பிறவிக்குணம். துணை தேடி இந்தச் சரிவில் அவள் கால் படாத இடமில்லை. ஒன்றும் கிடைக்கவில்லை.

சாக்கின் அடியில் கிடந்ததை உதறி நசுக்கினாள்.

ஒரு கொட்டை உருண்டு ஓடியது.

சப்பை உருளாது.

பாய்ந்து எடுத்தாள். பழுப்பாக, கனமாக, நுனியில் பூனைமுடி. கட்டைவிரலால் அழுத்தினாள். அமுங்கவில்லை.

“அண்ணா!”

வருஷம் முழுக்கக் கிண்டலடித்தவன் தொப்பியைக் கழற்றி ஆகாயத்தில் எறிந்தான். அவளைத் தூக்கி ஒரு சுற்றுச் சுற்றினான்.

“அடிப்பாவி! அப்ப மாப்பிள எங்கடி இருக்காரு?”

மார்லா சிரித்தாள். இருக்கிறது. எங்கோ ஒன்று, உயிரோடு, பூக்கிற வயதில். ஜூனில் பூத்தபோது காற்று எந்தப் பக்கமிருந்து அடித்தது? யோசித்தபடியே கையை நீட்டினாள்.

விரல் எதிர்ச்சரிவில் போய் நின்றது.

ஜூனில் அங்கே மரங்கள் இருந்தன.

“எங்கடி?” என்றான் கோல்பி மறுபடியும், சிரிப்பு அடங்காமல்.

அந்தச் சரிவில் அவள் ஒருநாளும் ஏறிப் பார்த்ததில்லை. ஏறிப் பார்த்தவள் மாதிரிப் பேசினாள், ஆகஸ்டில், சமையலறை மேஜையைத் தட்டித் தட்டி. படித்த பெண் சொன்னால் சரியாகத்தான் இருக்கும் என்று அம்மாவும் அண்ணனும் தலையாட்டினார்கள்.

“அந்தப் பக்கத்த வெட்டிக்கட்டும். அங்க ஒண்ணுமில்ல.”