அழிக்க முடியாத ஓட்டு

“போனை எனக்குத் தெரியற மாதிரி வச்சுக்கிட்டு அழுத்தும்மா. நான் பார்க்கணும்.”

சங்கத் தலைவர் நாற்காலியை வாசலுக்குக் குறுக்கே போட்டு உட்கார்ந்திருந்தார். தையல் ஃபேக்டரியில் வேலை செய்யும் யாராக இருந்தாலும் அவரைத் தாண்டித்தான் மெஷினுக்குப் போகணும்.

காஜா மெஷின்காரிக்கு வந்ததே கோபம்!

“ரகசிய ஓட்டுன்னு சொன்னீங்களே, இதுவா ரகசியம்?”

“ரகசியம்தாம்மா. உனக்கும் எனக்கும் நடுவுல மட்டும்!” தலைவர் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார்.

ஏன் சிரிக்க மாட்டார்? எட்டு மணி நேர வேலையைப் பன்னிரண்டாக்க முதலாளியிடம் தலையாட்டிவிட்டு வந்த மனுஷன். இன்றைக்கு அவர் ஜெயித்தால் நாளைக்கே கையெழுத்து. எதிர்த்து நிற்கும் கட்டிங் மாஸ்டர் ஜெயித்தால்தான் அதற்கு முட்டுக்கட்டை. வீட்டில் பிள்ளைகள் முகத்தைப் பார்க்க வேண்டுமா வேண்டாமா, அவ்வளவுதான் விஷயம்.

போன தேர்தலில் ஆளைவிடச் சீட்டு அதிகமாக விழுந்து மானம் போனதால், இந்தத் தடவை பிளாக்செயின் ஓட்டு. அவரவர் போனில் காலை எட்டிலிருந்து மாலை ஐந்து வரை. அதை நடத்த வெளியிலிருந்து வந்த கம்ப்யூட்டர் பெண், ஓரமாக லேப்டாப்பும் கையுமாக உட்கார்ந்திருந்தாள்.

காஜா மெஷின்காரி நேரே அவளிடம் போனாள். “ஏம்மா, இந்த அநியாயத்தைப் பார்த்துக்கிட்டுக் கல்லு மாதிரி உட்கார்ந்திருக்கியே?”

“புகார் எழுதிக் குடுங்கக்கா, அனுப்பறேன். ஆனா தேர்தல் தள்ளிப் போயிடும். அதுவரைக்கும் இவர்தான் தலைவர்.”

“அப்புறம் என்ன வெங்காயத்துக்கு இந்த பிளாக்செயினு?”

“ஒவ்வொரு ஓட்டும் சங்கிலி மாதிரி ஒண்ணோட ஒண்ணு கோத்துக்கும். பல இடத்துல பிரதி இருக்கும். விழுந்த ஓட்டை யாராலயும் அழிக்க முடியாது.”

“சங்கிலித் தையலைப் பத்தி எனக்கே சொல்றியா? ஒரு நூலை இழுத்தா மொத்தமும் பிரிஞ்சு கையில வந்துடும், தெரியுமா?”

“இது பிரியாதுக்கா. விதியெல்லாம் நோட்டீஸ் போர்டுல ஒட்டியிருக்கேன், படிங்க.”

“நீயே படிச்சுக்கோ!”

தலைவர் குரலை உயர்த்தினார். “எல்லாரும் கேட்டுக்கிட்டீங்கல்ல? அழிக்க முடியாது! போட்டா போட்டதுதான்!”

கம்ப்யூட்டர் பெண் நோட்டீஸ் போர்டை ஒரு தடவை பார்த்துவிட்டு லேப்டாப் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

வரிசையில் முதல் ஆளாக வந்து நின்றாள் இஸ்திரி அக்கா. தலைவருக்கு எதிரிலேயே போனை நீட்டி, அவர் பெயரை அழுத்திவிட்டு, நல்ல பிள்ளையாக நகர்ந்தாள்.

“அடிப்பாவி!” காஜா மெஷின்காரி அலறினாள். “பதினோரு வருஷம் என் டப்பாவுல கைவச்சுச் சாப்பிட்டியே, முதுகெலும்பை எங்கேடி கழட்டி வச்சே?”

“கத்தாதடி. உள்ளே வா, ஒரு விஷயம் சொல்றேன்.”

“ஒரு மண்ணும் சொல்ல வேணாம். இன்னையோட உனக்கும் எனக்கும் பேச்சு கிடையாது!”

சொன்னதோடு விட்டாளா? ஸ்டூல் மேல் ஏறி நின்றாள். எல்லாரும் பார்க்கப் போனை அணைத்துப் பைக்குள் போட்டாள்.

“தலையே போனாலும் இந்த ஆள் கேக்கிற ஓட்டை நான் போட மாட்டேன்! நீங்கள்லாம் மனுஷங்களா? தூ!”

“ஒரு எதிரி ஓட்டு குறைஞ்சுது. ரொம்ப சந்தோஷம்” என்றார் தலைவர்.

வரிசை நகர்ந்தது. ஒருத்தர் பாக்கியில்லாமல் அவர் எதிரில் அவர் பெயரையே அழுத்திவிட்டுப் போனார்கள். கட்டிங் மாஸ்டர் மட்டும் அவரை முறைத்துக்கொண்டே தன் பெயரை அழுத்தினார்.

அன்றைக்கு முழுக்க காஜா மெஷின்காரி யாருடனும் பேசவில்லை. பட்டன் தைக்கிற பெண் வந்து, “அக்கா, போனை ஆன் பண்ணுங்களேன்” என்றதற்கு, “என் மூஞ்சியில முழிக்காதே” என்று விரட்டினாள். மத்தியானம் சுவரைப் பார்த்து உட்கார்ந்து தனியாகச் சாப்பிட்டாள். யாரோ மெஷின் மேல் மடித்து வைத்துவிட்டுப் போன சீட்டைப் பிரிக்காமலே நாலாகக் கிழித்தாள். மன்னிப்பா கேட்கிறார்கள், மன்னிப்பு!

மணி ஐந்து. கம்ப்யூட்டர் பெண் எழுந்து நின்றாள்.

“மொத்தம் நூத்தி நாற்பத்து மூணு பேர். தலைவருக்கு ஒரு ஓட்டு. கட்டிங் மாஸ்டருக்கு நூத்தி நாற்பத்தொண்ணு.”

தலைவர் நாற்காலியைத் தள்ளிவிட்டு எழுந்தார். “மோசடி! என் கண்ணால பார்த்தேனே! அழிக்க முடியாதுன்னு நீதானே சொன்னே?”

“எதையும் அழிக்கலை சார். காலையில போட்டது அப்படியே இருக்கு. அதுக்கப்புறம் திரும்பவும் போட்டிருக்காங்க. சாப்பாட்டு நேரத்துல மட்டும் தொண்ணூறு பேர். அஞ்சு மணி வரைக்கும் எத்தனை தடவை வேணும்னாலும் மாத்திப் போடலாம், கடைசியாப் போட்டதுதான் செல்லும். எட்டாவது விதி. யாராவது பக்கத்துல உட்கார்ந்து மிரட்டுவாங்கன்னுதான் அதையே வச்சிருக்கோம்.”

கைதட்டலில் கூரை அதிர்ந்தது. தலைவர் போன திசையை யாரும் பார்க்கவில்லை.

காஜா மெஷின்காரிக்குத் தலைகால் புரியவில்லை. மறுபடியும் ஸ்டூல் மேல் ஏறிவிட்டாள்.

“பார்த்தீங்களா! காலையில நான் போட்ட சத்தத்துலதான் உங்களுக்கெல்லாம் ரோஷமே வந்துது! நூத்தி நாற்பத்தொண்ணு, அந்த ஆளோடது ஒண்ணு... இன்னொண்ணு எங்கேம்மா?”

“ஒருத்தர் மட்டும் ஓட்டே போடலைக்கா.”

“இத்தனை பேர் துணிஞ்சு நின்னிருக்காங்க, ஒரு பட்டனை அழுத்தத் துப்பில்லாத அந்த மகராசி யாருடி? முன்னால வரச் சொல்லு!”

யாரும் வரவில்லை. எல்லாரும் அவளையே பார்த்தார்கள்.

இஸ்திரி அக்காதான் கை கொடுத்து அவளைக் கீழே இறக்கினாள்.

“நீதான்டி.”