மிழலை

யாரும் வைக்காத பெயராகத் தேடி முடிப்பதற்குள் மகள் ஏழாம் மாதமே பிறந்துவிட்டாள். அவசரப்படுவதில் அப்படியே என்னைக் கொண்டிருக்கிறாள். கண்ணாடிப் பெட்டிக்குள் கிடப்பவளின் கால் பட்டையில் ‘சுபத்ரா குழந்தை’ என்று என் மனைவி பெயர்தான் இருக்கிறது. “பொழச்சு வரட்டும் மாப்ளே, பேரு எங்க ஓடிடப் போவுது?” என்கிறார் மாமியார்.

நேற்றுதான் ஒரு பெயர் சிக்கியது; எனக்குப் பொறுக்கவில்லை. என்னை உள்ளே விடமாட்டார்கள். நர்ஸ் பிலோமினாவிடம் கெஞ்சினேன்.

“சிஸ்டர், அவ காதுல மிழலைன்னு மூணு தடவை சொல்லிடுறீங்களா?”

“புதுசா இருக்கே சார். அப்படின்னா?”

“குழந்தை பேசுற பேச்சு. மழலைங்கிறோமே, அதேதான். இதுக்கே ரெண்டு மாசம் தேடினேன்.”

அசந்துபோவார் என்று பார்த்தேன். அவரோ கண்ணாடி வழியே, மகளின் வாய்க்குள் போகும் குழாயைப் பார்த்தார். பிறகு உள்ளே போனார்.

பெட்டியின் வட்டத் துவாரத்தருகே குனிந்தார். அவருடைய மாஸ்க் மூன்று முறை அசைந்தது. நன்றி சொல்லக் கையெடுத்தேன். அவர் நிமிரவில்லை. மகளிடம் ஏதோ பேசுவதுபோல மாஸ்க் அசைந்துகொண்டே இருந்தது.