கடைசி மூன்று கெஜம்

எதிரணியின் பதினொரு பேரும் திடீரென்று வட்டமாகக் கூடி, எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு குனிந்தார்கள்.

ஆட்டத்தின் நடுவே யாரும் அப்படிச் செய்து நாங்கள் பார்த்ததில்லை. கயிற்றுக்கு வெளியே நின்ற கூட்டம் சிரித்தது.

"என்னடா, ஜெபம் பண்றானுங்களா?" என்றான் ஒருவன்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. அந்த வட்டம் எதற்கென்று எங்கள் பக்கத்தில் எனக்கு மட்டும்தான் முழுதாகத் தெரியும். அது என் கண்ணிலிருந்து தப்பத்தான்.

1894, நவம்பரின் கடைசி வியாழன், நன்றி நவிலும் நாள். ஒஹையோவின் சேறு கணுக்கால் வரை இழுத்தது. அந்தப் பருவத்தில் எங்கள் கல்லூரி அமெரிக்கக் கால்பந்தில் ஏழு ஆட்டம் ஆடி ஏழிலும் வென்றிருந்தது. ஏழிலும் ஒருவன்கூடப் பந்தை அணைத்துக்கொண்டு எங்கள் கோட்டைத் தாண்டவில்லை. பத்திரிகைகள் எங்களைச் சுவர் என்றே எழுதின. முடிவெட்டப் போனால் இருக்கை காலியாகும். தெருவில் போனால் பெரிய மனிதர்கள் தொப்பியைத் தூக்குவார்கள்.

எட்டாவது ஆட்டம் காது கேளாதோர் கல்லூரியோடு. சுலபமாக முடித்துவிட்டு விருந்துக்குப் போகலாம் என்று நினைத்திருந்தோம்.

முதல் ஐந்து நிமிடத்திலேயே எங்கள் ஆள் ஒருவனுக்கு மூக்கு உடைந்தது.

அவர்களுடைய தலைவன் ஆசா விட்லோ, ஒல்லியான பையன். வரிசைக்குப் பின்னால் நின்று, பந்து எந்தப் பக்கம் போகவேண்டும் என்பதை எங்கள் கண்ணெதிரிலேயே கையால் சொல்லிக்கொண்டிருந்தான். மறைக்க என்ன இருக்கிறது? எங்களில் யாருக்குப் புரியப்போகிறது?

எனக்குப் புரிந்தது. என் அப்பாவுக்கும் அம்மாவுக்கும் காது கேளாது. வாயால் பேசுவதற்கு முன்பே கையால் பேசியவன் நான்.

எங்கள் கேப்டன் ஓரின் டட்டிலிடம் நானாகத்தான் போய்ச் சொன்னேன். யாரும் என்னைக் கேட்கவில்லை. அவன் என் தலையை இரண்டு கையாலும் பிடித்து நெற்றியில் முத்தமிட்டான்.

மைதானத்துக்கு ஒரு புறம் ஆறு, மறுபுறம் தேவாலயம். அதன்பின் ஆசாவின் விரல் அசைந்ததும் நான் முணுமுணுப்பேன். ஆற்றுப் பக்கம். அல்லது, தேவாலயப் பக்கம். பந்து வருவதற்கு முன்பே எங்களில் ஏழு பேர் அங்கே நிற்போம். மோதி, சாய்த்து, சேற்றில் புதைத்து எழுப்புவோம். என் உடம்பெல்லாம் பாட்டுப் பாடியது. அப்படி ஒரு சந்தோஷத்தை நான் அதுவரை அறிந்ததில்லை.

ஆசா முட்டாள் இல்லை. கடைசியில் அவன் தன் ஆட்களைப் பார்ப்பதை விட்டுவிட்டு, என்னைப் பார்க்க ஆரம்பித்தான். தன் விரல்களோடு என் கண்கள் ஓடுவதைப் பார்த்துவிட்டான்.

அதனால்தான் அந்த வட்டம்.

இரண்டு பக்கமும் ஒரு புள்ளி இல்லை. பந்திலிருந்து எங்கள் கோட்டுக்கு மூன்று கெஜம். நடுவர் கடிகாரத்தைப் பார்த்து ஒற்றை விரலைக் காட்டினார். இன்னும் ஒரே ஒரு முறைதான் அவர்கள் பந்தோடு வர முடியும். இதைத் தடுத்துவிட்டால், எட்டு ஆட்டத்தில் ஒருவனும் எங்களைத் தாண்டவில்லை என்று ஆயுசுக்கும் சொல்லிக்கொள்ளலாம்.

ஓரின் என் சட்டையைப் பிடித்து உலுக்கினான்.

"எந்தப் பக்கம்டா லைமன்? சீக்கிரம் சொல்லு."

முதுகுகள். சேறு. அவற்றின் மேல் எழும்பும் மூச்சு ஆவி.

வட்டத்தில் ஒருவன் கண்ணில் விழுந்த சேற்றைத் துடைக்க ஒரு கையை எடுத்தான். உள்ளங்கை அகலத்துக்கு ஓர் இடுக்கு. அதற்குள் ஆசாவின் கைகள்.

உடனே இடுக்கு மூடிக்கொண்டது. வட்டம் உடைந்து அவர்கள் வரிசைக்கு ஓடி வந்தார்கள்.

"ஆத்துப் பக்கம்," என்றேன்.

ஓரின் மற்ற ஒன்பது பேரையும் இழுத்துக்கொண்டு ஆற்றுப் பக்கம் பாய்ந்தான். தேவாலயப் பக்கம் என் இடம். அங்கே நான் மட்டும் நின்றேன்.

அவர்கள் தேவாலயப் பக்கம் வந்தார்கள்.

பதினொரு பேரும் ஒரே உருண்டையாக. நான் பாய்ந்தேன். பொய்யாக இல்லை, உயிரைக் கொடுத்துப் பாய்ந்தேன். ஒரு கால் கையில் சிக்கியது, சேற்றில் வழுக்கியது. பிறகு வானம், பூட்ஸ்கள், மறுபடி வானம்.

விசில்.

பந்து எங்கள் கோட்டைத் தாண்டியிருந்தது. பிறகு யாரோ ஒருவர் கை தட்ட ஆரம்பித்தார். பிறகு எல்லோரும். எங்கள் ஊர்க்காரர்களே தொப்பியைத் தூக்கி எறிந்தார்கள். அந்தக் கைதட்டலைக் கேட்காதவர்கள் தரையை மிதித்துக் கொண்டாடினார்கள். மல்லாந்து கிடந்த என் முதுகில் அது மத்தளம் போல ஏறியது.

ஓரின் என்னைத் தூக்கி நிறுத்தி, விலா எலும்பு உடைந்திருக்கிறதா என்று தடவிப் பார்த்தான். பதினொரு பேர் மேலே ஏறிப் போயும் ஒரு கீறல் இல்லையே என்று அதிசயப்பட்டான். சுவர் இடிந்துவிட்டது, அதற்காக அவன் என்னை ஒரு வார்த்தை சொல்லவில்லை. வட்டத்துக்குள் எவனால் பார்க்க முடியும், பாவம், ஊகித்தான், தவறிப்போயிற்று என்று எல்லோரிடமும் எனக்காகப் பேசினான். சாகும்வரை அப்படித்தான் நம்பினான்.

அந்த இடுக்கில் ஆசாவின் கைகளை நான் தெளிவாகவே படித்தேன்.

"தேவாலயப் பக்கம். அங்க நிக்கிறவன் நம்ம வீட்டுப் பிள்ளை. பாத்து, அவனை மிதிச்சிடாதீங்க."