தலைவன் கையிலிருந்த கிண்ணம்

புல்வெளியில் குதிரைமேலேயே வாழ்ந்த ஒரு கூட்டத்துக்குக் கோசக் என்பவன் தலைவன். அங்கே, கொன்ற எதிரியின் மண்டையோட்டுக்குள் தங்கம் பூசி, அதில்தான் மது குடிப்பார்கள். பகை வந்துவிட்டால் சொந்தக்காரன் மண்டையோடும் அதற்கு ஆகும்.

ஆண்டு விருந்தில், தலைவன் கையிலிருந்த மண்டையோட்டுக் கிண்ணத்தைப் பார்த்து அவன் இடுப்பு வாள் சிரித்தது.

"போன வருஷம் எங்களையே விரட்டினாயே! இப்போது எப்படி இருக்கிறாய்?"

"இருக்கிறேன். பக்கத்தில் உட்கார்ந்திருப்பது யார்?"

"தலைவனின் தம்பி சிராக். இந்த வருஷம் அவன் ஒருவனையும் கொல்லவில்லை. கொல்லாதவனுக்கு இங்கே மது கிடையாது. கூட்டமே பார்க்க வெறுங்கையோடு உட்கார்ந்திருக்கிறான்."

"எதைப் பார்க்கிறான்?"

"உன்னைத்தான். தாகமாக இருக்கும்."

"நன்றாகப் பார்."

வாள் பார்த்தது. தம்பியின் கண் கிண்ணத்தில் இல்லை. குடிப்பதற்காக அண்ணன் தலையைச் சாய்க்கும்போதெல்லாம், அந்த நெற்றியையே அளந்துகொண்டிருந்தது. கை மெல்லக் கத்திப்பிடிக்குப் போனது.

வாள் உறைக்குள் பதறியது. "தலைவனிடம் சொல்லேன்! உன்னைத்தானே வாயில் வைத்திருக்கிறான்!"

"போன வருஷம் நானும் இப்படி ஒரு கிண்ணத்தில்தான் குடித்தேன்," என்றது கிண்ணம். "அதுவும் ஏதோ சொல்லியிருக்கும்."