கை மேல் சந்தேகம்

"அந்த ஆளு இனிமே நம்ம வாசப்படியை மிதிக்கட்டும், அப்புறம் இருக்கு சேதி!"

மனைவி டி.வி.யை அணைத்துவிட்டு ரிமோட்டை வீசிய வேகத்தில், அதன் பேட்டரி கழன்று சோபாவுக்கு அடியில் ஓடியது. அவள் கணவர், கிரிக்கெட் ஆல்ரவுண்டர், குனிந்து அதைத் தேடினார்.

காலையிலிருந்து எல்லா சேனலிலும் அதே செய்திதான். அவர் பந்தை வீசுவதில்லையாம், எறிகிறாராம். அம்பயர் புகார் எழுதிக் கொடுத்துவிட்டாராம். முழங்கையை மடக்கி நீட்டிப் பந்தை விட்டால் அதற்குப் பெயர் எறிதல். பந்து போடுகிறவரைப் பார்த்து அப்படிச் சொல்வதும், கடைக்காரரைப் பார்த்துத் தராசில் கை வைக்கிறாய் என்பதும் ஒன்றுதான்.

அந்த அம்பயரும் யாரோ எவரோ இல்லை. இதே அணியில் இவருக்கு சீனியராக ஆடியவர். வெளியூர் ஆட்டம் என்றால் இரண்டு பேருக்கும் ஒரே அறை. இவர் சட்டையை அவர் மாட்டிக்கொண்டு போவார், அவர் சட்டையை இவர்.

"அண்ணன் அண்ணன்னு வாய் நிறையக் கூப்பிட்டேனே! வேற யாராவது எழுதிக் கொடுத்திருந்தாக்கூட மனசு ஆறும்" என்றாள் மனைவி.

"விடும்மா. சோதனைக்குக் கூப்பிட்டிருக்காங்க, போயே ஆகணும். முடிஞ்சதும் நானே அவர்கிட்ட பேசிக்கிறேன்."

"சோதனையில தப்புன்னு வந்துட்டா?"

ஆல்ரவுண்டர் பேட்டரியை ரிமோட்டுக்குள் திரும்பப் போட்டார்.

அணியில் அவருக்கு 'டூ இன் ஒன்' என்று செல்லப்பெயர். பேட்டும் பிடிப்பார், பந்தும் போடுவார். பந்தைப் பிடுங்கிவிட்டால், அவரைவிட நன்றாக பேட் பிடிக்கிற ஆட்கள் வெளியே வரிசை கட்டி உட்கார்ந்திருக்கிறார்கள். ஒப்பந்தம் புதுப்பிக்கிற நேரம் வேறு. குடும்பமே அந்தக் கையெழுத்தை நம்பித்தான் இருந்தது.

சோதனைக் கூடத்தில் அவர் கை முழுக்கப் பொட்டுப் பொட்டாக எதையோ ஒட்டினார்கள். சுற்றிலும் கேமராக்கள்.

"எப்பவும் போல போடுங்க சார்."

பல்லைக் கடித்துக்கொண்டு போட்டார். கண்ணாடிக்கு வெளியே நின்ற மனைவி, மனுஷனுக்கு எவ்வளவு கோபம் என்று நினைத்துக்கொண்டாள். கடைசியில் கையை ஸ்கேன் எடுத்தார்கள். சோதனைக்கு வருகிற எல்லோருக்கும் எடுப்பதுதானாம்.

டாக்டரம்மா இருவரையும் உள்ளே கூப்பிட்டார்.

"உங்க பந்துவீச்சுல ஒரு குறையும் இல்ல சார். விதிப்படிதான் போடுறீங்க."

"அப்பாடா!" மனைவிக்குக் கண்ணில் தண்ணீரே வந்துவிட்டது. "கிளம்புங்க. இப்பவே போய் அந்த ஆளை நாக்கைப் பிடுங்கிக்கிற மாதிரி நாலு கேள்வி கேட்கணும்."

"உட்காருங்கம்மா, இன்னும் நான் முடிக்கல." டாக்டரம்மா ஸ்கேன் படத்தை அவர்கள் பக்கம் திருப்பினார். "மேல்கை எலும்புல விரிசல் விட்டிருக்கு. இதை வச்சுக்கிட்டு எப்படி சார் ஆடுனீங்க? எவ்வளவு நாளா வலி?"

ஆல்ரவுண்டர் தரையைப் பார்த்தார்.

"உங்களைத்தான் கேக்குறாங்க" என்றாள் மனைவி.

"கொஞ்ச நாளா..."

"கொஞ்ச நாளாவா? அப்போ இடது கையால பல்லு தேய்ச்சா பேட்டிங்குக்கு நல்லதுன்னு சொன்னீங்களே?"

"வலது கையைத் தூக்க முடியலைம்மா. சொன்னா நீ டாக்டர்கிட்ட இழுத்துட்டுப் போவே. டீமுக்குத் தெரிஞ்சா என்னைக் கழட்டி விட்டுடுவாங்க."

"நல்ல வேளை!" என்றார் டாக்டரம்மா. "இன்னும் ஒண்ணு ரெண்டு மேட்ச் ஆடியிருந்தா கிரவுண்டுலயே எலும்பு ரெண்டாப் போயிருக்கும். அப்புறம் பேட்டையும் மறந்துட வேண்டியதுதான். இப்போ ஆபரேஷன்கூட வேண்டாம். நல்லா ஓய்வெடுங்க, அடுத்த சீசன்ல தாராளமா பந்து போடலாம்."

டீம் மேனேஜருக்குப் பயந்து பயந்து போன் போட்டார். "முதல்ல கையைப் பாருப்பா. உன் இடம் எங்கேயும் ஓடிடாது, ஒப்பந்தத்துல உன் பேரும் இருக்கு" என்றார் அவர். இதற்கா இத்தனை நாள் பல்லைக் கடித்தோம் என்று ஆல்ரவுண்டருக்கே வெட்கமாகிவிட்டது.

ஆனாலும் அம்பயர் மேல் இருந்த ஆத்திரம் அடங்கவில்லை. ஊரெல்லாம் கெட்ட பெயர் பரவினது பரவினதுதானே? இருவரும் நேராக மைதானத்துக்குப் போனார்கள். அம்பயர் அறையில் அவர் தனியாக உட்கார்ந்து ஷூவுக்கு வெள்ளை அடித்துக்கொண்டிருந்தார்.

"ரிசல்ட் வந்துடுச்சு அண்ணே. நான் எறியல!"

"நீ எறிய மாட்டேன்னு எனக்குத் தெரியாதாடா?" என்றார் அம்பயர், தலையை நிமிர்த்தாமலே. "ஸ்கேன்ல என்ன வந்துச்சு, அதைச் சொல்லு."

கணவனும் மனைவியும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"விரிசலாம் அண்ணே. ஆபரேஷன் வேண்டாம்னுட்டாங்க" என்றாள் மனைவி மெதுவாக.

"அப்பாடா!" அம்பயர் பிரஷைக் கீழே வைத்தார். "ஓவர் போட வரும்போது தொப்பியை என்கிட்ட கழட்டிக் கொடுப்பான்ம்மா. எப்பவும் வலது கைதான். இந்த சீசன் பூரா இடது கை. என்னடா கைன்னு கேட்டா, கும்முன்னு இருக்குங்கிறான். இவனை டாக்டர்கிட்ட அனுப்ப அம்பயருக்கு ஏது அதிகாரம்? சோதனைக்கு அனுப்பத்தான் இருக்கு."

"அதுக்காக, எறியுறார்னு பொய்யா எழுதுவீங்களாண்ணே?"

"பொய்யா? நான் எழுதினது ஒரே வரிதாம்மா. 'இவர் கை மேல் எனக்குச் சந்தேகம் இருக்கிறது.' என்ன சந்தேகம்னு ஒருத்தரும் கேக்கல."