தலை மேலே வரும்போது

“அப்பா சட்டை ஒண்ணு எடுத்துத் தருவியா, மக்களே?”

மாதா கோயில் உபதேசியார் அவளிடம் கேட்டு ஒரு வாரம் ஆகிறது.

கடலில் போனவரின் உடல் கிடைக்காவிட்டால், அவர் சட்டையைப் பெட்டிக்குள் வைத்து அடக்கம் செய்வார்கள். அப்பா போய் மூன்று மாதம். பெட்டியும் வேண்டாம், பூசையும் வேண்டாம் என்றுவிட்டாள் அம்மா.

இன்று அவள் எடுத்து வந்துவிட்டாள். அம்மாவுக்குத் தெரியாமல். நீலக் கட்டம் போட்டது, ஒரு பித்தான் இல்லாதது. பழைய துண்டில் சுற்றித் தாவணிக்குள் வைத்திருந்தாள்.

படம் முடிந்ததும் கொடுப்பதாகப் பேச்சு.

கோயில் மண்டபத்து ஜன்னல்களைத் தார்ப்பாயால் மூடி மதியத்தை இருட்டாக்கியிருந்தார்கள். சுவரில் பழைய ஊமைப்படம். தொப்பிக்காரன் ஒருவன் மீன் பிடிக்கப் போகிறான். வீசிய தூண்டில் அவன் கால்சட்டையிலேயே மாட்டுகிறது. எழுந்து நின்று இழுக்கிறான்.

தண்ணீருக்குள் விழுகிறான்.

“ஏல, வள்ளத்துல எந்திரிச்சு நிக்கான் பாரு! இவனயெல்லாம் எவம்ல கடலுக்குக் கூட்டிட்டுப் போனது?”

கூட்டத்தில் ஒருவன் கத்த, மண்டபம் சிரிப்பில் குலுங்கியது. பின்வரிசையில் உபதேசியார்கூடக் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

பக்கத்தில் அம்மா சிரிக்கவில்லை.

தொப்பிக்காரனின் தலை மேலே வந்தது. வாயிலிருந்த தண்ணீரைப் பீய்ச்சினான்.

அப்போது சிரித்தாள். தனியாக.

மூன்று மாதத்தில் முதல் சிரிப்பு.

அவன் மறுபடி விழுந்தான். ஊர் சிரித்தது.

தலை வந்தது. அம்மா சிரித்தாள்.

முன்னால் இருந்தவள் திரும்பினாள். “புருசன் கடல்ல கெடக்கான். இவ சிரிப்பப் பாரேன்.”

அம்மாவுக்குக் கேட்கவில்லை. நாற்காலி நுனிக்கு வந்திருந்தாள். அவன் விழும்போதெல்லாம் மூச்சைப் பிடித்துக்கொண்டாள்.

ஐந்தாவது முறை விழுந்தான்.

கரண்ட் போனது.

சிறிது நேரம் விசில், கூச்சல். யாரோ தார்ப்பாயை விலக்கினார்கள். வெயில் உள்ளே வந்தது. சுவரில் ஒன்றுமில்லை. ஆட்கள் எழுந்து போகத் தொடங்கினார்கள்.

உபதேசியார் அவள் பின்னால் வந்து நின்றார். மறைவாகக் கையை நீட்டினார்.

அவள் துண்டுப் பொட்டலத்தை வெளியே எடுத்தாள்.

அம்மா வெறும் சுவரிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

“எதுக்கு நிக்கிய, உபதேசியாரே? ஒக்காருங்க. இப்ப மேல வந்துருவான்.”

அவர் விரல்கள் பொட்டலத்தின் மேல் நின்றன. பிறகு அதை மகள் பக்கமே தள்ளின.

வெயிலுக்குள் இறங்கிப் போனார்.