தக்காளி வண்டி

சினிமாவில் கார் துரத்தும் காட்சி என்றாலே தக்காளி வண்டிக்கு அழைப்பு வந்துவிடும். தெருவுக்குக் குறுக்கே நிற்க வேண்டும், இடிபட்டுக் கவிழ வேண்டும், அவ்வளவுதான் வேலை. நிமிர்த்தி நாலு ஆணி அடித்தால் அடுத்த டேக்குக்குத் தயாராகிவிடும். வண்டிக்கு அதில் ஒரு குறையும் இல்லை.

புதிதாக வந்த சிவப்புக் காருக்குத்தான் பொறுக்கவில்லை. "ஜனம் என் வேகத்தைப் பாக்க வருது. நீ எதுக்கு நடுவுல? ஓரமாப் போ" என்றது. வண்டியை நகர்த்தும்வரை ஸ்டார்ட் ஆகமாட்டேன் என்று முறுக்கிக்கொண்டும் நின்றது. வேறு வழியில்லாமல் வண்டியை ஓரங்கட்டினார்கள்.

கார் ஒரே மூச்சில் தெருவைக் கடந்தது. இயக்குநர் மானிட்டரைப் பார்த்து உதட்டைப் பிதுக்கினார். "ஆபீஸுக்குப் போற மாதிரி இருக்கேப்பா. இன்னும் வேகமா."

இன்ஜின் கொதிக்கக் கொதிக்க ஓடியும் அந்த உதடு உள்ளே போகவில்லை.

கார் மெல்ல வண்டியின் பக்கம் உருண்டு வந்தது. "அண்ணே, கொஞ்சம் நடுவுல வந்து நிக்கிறீங்களா?"

வண்டி நடுத்தெருவில் போய் நின்று, பழங்களை விளிம்புக்குத் தள்ளி வைத்துக்கொண்டது.

"இடது சக்கரத்துல இடி தம்பி, பழம் நல்லா உயரப் பறக்கும். நீ மெதுவா வந்தாலே போதும்."